ஊரடங்கில் வேலைக்குப் போனவர்கள்: கெடாத் தோட்டமும் பட்டணமும்

கொரோனா தொற்றைத் தடுக்க 2020 மார்ச் 18 அன்று மலேசியாவில் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை அமலுக்கு வந்தது. பள்ளிக்கூடம், கோயில், துணிக்கடை, முடிதிருத்தும் கடை எல்லாம் அடைபட்டன. சாலைத் தடுப்புகளில் போலீஸ் நின்றது. அந்த நாட்களிலும் கெடா மாநிலத்தில் செம்பனைக் குலை வெட்டியாக வேண்டியிருந்தது. சுங்கை பட்டாணியில் குப்பை லாரி ஓடியாக வேண்டியிருந்தது. அலோர் ஸ்டார் சுல்தானா பஹியா மருத்துவமனையில் நோயாளி படுத்திருந்த அறையை யாராவது துடைத்தாக வேண்டியிருந்தது. இந்த வேலைகளில் தமிழர்கள் ஏராளம். தோட்டத்தில் பிறந்து, தோட்டம் கைமாறிய பிறகு பாடாங் செராய்க்கும் லூனாசுக்கும் பீடோங்குக்கும் குடிபெயர்ந்து, காவலாளியாக, துப்புரவுத் தொழிலாளியாக, லாரி ஓட்டுநராக, தொழிற்சாலை ஆப்பரேட்டராக மாறியவர்கள் அவர்கள்.

அவர்களுக்குப் பாராட்டு நிறையக் கிடைத்தது. பாதுகாப்பு எவ்வளவு கிடைத்தது, யாருக்குக் கிடைத்தது, அடுத்த தொற்று வந்தால் சட்டத்தில் நமக்கு என்ன இருக்கிறது என்பதைத்தான் இங்கே எடுத்துச் சொல்லப் போகிறேன். என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அன்று ஒரு தொழிலாளிக்குப் பாதுகாப்பு கிடைத்ததா இல்லையா என்பதைத் தீர்மானித்தது, அவருடைய சம்பளச் சீட்டில் முதலாளி என்று யார் பெயர் அச்சாகியிருந்தது என்பதே. வேலை எவ்வளவு அவசியமானது என்பது இரண்டாம்பட்சமாகவே இருந்தது.

பட்டியல் எதற்காக எழுதப்பட்டது

கட்டுப்பாட்டு ஆணைக்கு அடிப்படை, 1988ஆம் ஆண்டின் தொற்றுநோய்த் தடுப்பு, கட்டுப்பாட்டுச் சட்டம். 342ஆம் சட்டம் என்று சொல்வார்கள். அதன் கீழ் அரசு, திறந்திருக்கக்கூடிய சேவைகளை வரிசைப்படுத்தியது: தண்ணீர், மின்சாரம், எரிபொருள், தொலைத்தொடர்பு, அஞ்சல், போக்குவரத்து, வங்கி, மருத்துவம், மருந்தகம், தீயணைப்பு, சிறை, துறைமுகம், துப்புரவு, உணவு விநியோகம். தோட்டத்துறைக்கும் இயங்க அனுமதி கிடைத்தது. 2021 ஜூன் 1 முதல் முழு அடைப்பு மீண்டும் வந்தபோதும் தோட்டங்கள் திறந்திருந்தன. தொழிற்சாலைகளில் அனுமதி பெற்றவை 60 விழுக்காட்டு ஆட்களோடு இயங்கின.

இந்தப் பட்டியலைக் கவனமாகப் படித்தால் ஒன்று புரியும். எந்த இடம் திறந்திருக்கலாம் என்பதை அது சொல்கிறது. அங்கே வேலை செய்கிற ஆளுக்கு என்ன தர வேண்டும் என்பதைச் சொல்லவில்லை. இது புதுப் பழக்கமும் இல்லை. 1967ஆம் ஆண்டின் தொழிலியல் உறவுச் சட்டத்தின் முதல் அட்டவணையிலும் அத்தியாவசியச் சேவைகளின் பட்டியல் ஒன்று உண்டு. வங்கி, மின்சாரம், தண்ணீர், பொதுச் சுகாதாரம், போக்குவரத்து போன்றவை அதில் அடங்கும். அந்தச் சேவைகளில் இருப்பவர்கள் வேலைநிறுத்தம் செய்ய வேண்டுமானால் 21 நாள் முன்னறிவிப்பு கொடுத்தாக வேண்டும் என்பதற்காகவே அது எழுதப்பட்டது. உன் வேலை இல்லாமல் நாடு நடக்காது, ஆகவே நீ நிறுத்தக் கூடாது என்று சட்டம் நெடுங்காலமாகச் சொல்லி வந்திருக்கிறது. நிறுத்தக் கூடாது என்று கட்டளையிடும்போது, அதற்கு ஈடாக என்ன தருவாய் என்ற கேள்வி கூடவே எழ வேண்டும். 2020இல் அந்தக் கேள்வி பட்டியலோடு சேர்ந்து எழவில்லை.

மரத்தடியில் இல்லாத ஆபத்து

தோட்டம் ஏன் திறந்திருந்தது? செம்பனைக் குலையை 10 நாளைக்கோ இரண்டு வாரத்துக்கோ ஒரு முறை வெட்டியாக வேண்டும். வெட்டிய குலை ஒரு நாளுக்குள் ஆலைக்குப் போகாவிட்டால் பழத்தில் அமிலம் ஏறி எண்ணெய் தரம் குறையும். பழுத்ததை விட்டுவைத்தால் உதிர்ந்து அழுகும். சமையல் எண்ணெய் முதல் சோப்பு வரை அதை நம்பியிருக்கிறது. ரப்பர் மரம் அப்படியல்ல. சில வாரம் வெட்டாமல் விட்டால் மரத்துக்குக் கேடில்லை. கேடெல்லாம் பால் வெட்டுகிறவரின் வயிற்றுக்குத்தான். ஆனால் ரப்பர் பாலுக்கும் அந்த ஆண்டில் தேவை இருந்தது: உலகம் முழுவதும் மருத்துவக் கையுறைக்கு அலைந்தது. அதில் பாதிக்கு மேல் மலேசியாவிலிருந்தே போனது.

நோய் எங்கே தொற்றும் என்பதைத் தோட்ட வேலையின் நடைமுறையை வைத்துத்தான் விளக்க முடியும். ஒரு நிரையில் ஒருவர் வெட்ட, அடுத்தவர் பல மரம் தள்ளி நிற்கிறார். திறந்தவெளி, காற்றோட்டம். அங்கே ஆபத்து மிகக் குறைவு. ஆபத்து, விடியற்காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டில் தோளோடு தோள் நிற்கும்போது இருக்கிறது. ஆட்களை அடைத்துக்கொண்டு போகும் லாரியிலும் டிராக்டரிலும் இருக்கிறது. பால் நிறுக்கும் கொட்டகையில் வரிசை நிற்கும்போது இருக்கிறது. எல்லாவற்றையும்விட, இரவு படுக்கும் இடத்தில் இருக்கிறது. ஒரே அறையில் பத்துப் பேர் அடுக்குக் கட்டிலில் படுத்தால், பகலில் எத்தனை மீட்டர் இடைவெளி விட்டு நின்றாலும் பயனில்லை. முகக்கவரி கொடுத்துவிட்டோம், கைகழுவும் திரவம் வைத்துவிட்டோம் என்று அறிக்கை எழுதுவது சுலபம். பெரட்டை மூன்று பிரிவாகப் பிரிப்பதும், லாரியை இரண்டு நடை ஓட்டுவதும், படுக்கையைக் குறைப்பதும் செலவு பிடிக்கும். உயிரைக் காப்பவை இந்தச் செலவு பிடிக்கும் காரியங்களே.

தங்குமிடத்தின் ஆபத்து எவ்வளவு பெரியது என்பது 2020 நவம்பரில் நாட்டுக்கே தெரிந்தது. கிள்ளான் மேரு பகுதியில் ஒரு பெரிய கையுறை நிறுவனத்தின் ஆலைகளையும் தொழிலாளர் விடுதிகளையும் சூழ்ந்த தெராத்தாய் தொற்றுத் திரளில் ஆயிரக்கணக்கானோர் பாதிக்கப்பட்டார்கள். பெரும்பாலோர் நேபாளம், வங்காளதேசம் போன்ற நாடுகளிலிருந்து வந்த தொழிலாளர்கள். உலகத்தின் கைகளைக் காத்த உறையைச் செய்தவர்களுக்கு மூச்சு விட இடமில்லாமல் இருந்தது. கெடாத் தோட்டங்களில் இன்று குலை வெட்டுகிறவர்களும் பெரும்பாலும் அவர்களைப் போன்றவர்கள்தாம். ஒரு காலத்தில் நம் பாட்டன் பாட்டி வாழ்ந்த நிலைமையில் வாழ்கிறவர்கள். அவர்களுக்கு நேர்வதை நாம் அயலார் கதையாகப் பார்க்கக் கூடாது.

டிரெசர் இருந்த காலம்

தோட்டத் தமிழனுக்குத் தொற்றுநோய் புதிதல்ல. தமிழ்நாட்டிலிருந்து கப்பலேறி வந்த தொழிலாளர்கள் பினாங்கை ஒட்டிய ஜெரேஜாக் தீவின் தனிமைப்படுத்தும் நிலையத்தில் இறக்கப்பட்டார்கள். காத்திருப்புக் காலம் முடிந்த பிறகே கெடாவுக்கும் மற்ற இடங்களுக்கும் அனுப்பப்பட்டார்கள். 1918இன் கடைசி மாதங்களில் இன்புளூயன்சா மலாயாவைத் தாக்கியபோது முப்பதாயிரத்துக்கும் மேற்பட்டோர் மாண்டதாக மதிப்பிடுகிறார்கள். அதன் கடுமையான அடி விழுந்த இடங்களில் தோட்ட லயங்கள் முக்கியமானவை. ஈரத் தரை, ஒரே சுவரை ஒட்டி அடுத்த குடும்பம், ஏற்கெனவே மலேரியாவிலும் சோகையிலும் இளைத்த உடம்பு. நோய்க்கு அதற்கு மேல் என்ன வேண்டும்?

காலனி அரசு கருணையால் தோட்ட மருத்துவத்தைக் கொண்டுவரவில்லை. ஆள் செத்தால் பால் வராது என்பதே அதன் கணக்கு. இருந்தாலும் அந்தக் கணக்கிலிருந்து சில அமைப்புகள் பிறந்தன. பெரட்டிலேயே மலேரியாவுக்குக் கொய்னா மருந்து கொடுத்து விழுங்க வைத்தார்கள். தொழிலாளர் சட்டங்கள் தோட்ட முதலாளிக்கு வீடு, தண்ணீர், மருத்துவ வசதி, பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ள ஆயாக் கொட்டகை என்று கடமைகளை விதித்தன. ஒவ்வொரு பெரிய தோட்டத்திலும் ஒரு டிரெசர் இருந்தார். காய்ச்சல் வந்தவரை முதலில் பார்ப்பவர் அவர். அடுத்தடுத்த வீடுகளில் ஒரே காய்ச்சல் வந்தால் முதலில் கவனிப்பவரும் அவர். 1965இல் தோட்ட மருத்துவ உதவியாளர்களைப் பதிவு செய்வதற்கென்றே தனிச் சட்டம் வந்தது. அவ்வளவு நிலைபெற்றிருந்த தொழில் அது.

பிறகு ரப்பர் போய்ச் செம்பனை வந்தது. ஆள் தேவை குறைந்தது. தோட்டங்கள் துண்டாடப்பட்டு வீடமைப்புப் பகுதிகளாகவும் தொழிற்பேட்டைகளாகவும் மாறின. சுங்கை பட்டாணி, கூலிம் வட்டாரங்களை அறிந்தவர்களுக்கு இது கண் முன்னால் நடந்த காரியம். எஞ்சிய தோட்டங்களில் நிர்வாகம் ஆட்களை நேரடியாக எடுக்காமல் குத்தகையாளர் மூலம் எடுக்கும் வழக்கம் பெருகியது. டிரெசரும் ஆயாக் கொட்டகையும் மறைந்துபோன இடங்களில் அவற்றுக்குப் பதிலாக வேறொன்று வரவில்லை. 2020இல் பள்ளிகளும் குழந்தைக் காப்பகங்களும் மூடியபோது, வேலைக்குப் போயே தீர வேண்டிய தாய்மார்கள் பிள்ளையை யாரிடம் விடுவது என்று தவித்தார்கள். ஆயாக் கொட்டகையை அன்று பலர் நினைத்திருப்பார்கள். பழைய தோட்ட வாழ்க்கைக்கு ஏங்க நான் யாரையும் அழைக்கவில்லை. அதில் அடிமைத்தனம் அதிகம். ஆனால் மருத்துவம், பிள்ளைப் பராமரிப்பு, வீடு ஆகிய மூன்றும் முதலாளியின் கடமை என்ற கொள்கை சரியானது. அதைக் கைவிட்டது தவறு.

பட்டணத்தில்

2020 ஜூலை இறுதியில் கெடாவின் குபாங் பாசு மாவட்டத்திலுள்ள நாப்போவில் ஓர் உணவகத்தை மையமாகக் கொண்டு தொற்று பரவியது. சிவகங்கைத் திரள் என்று பெயரிட்டார்கள். இந்தியாவிலிருந்து திரும்பிய உணவக உரிமையாளர் வீட்டுத் தனிமைப்படுத்தலை மீறியதால் தொடங்கிய அந்தத் தொற்று கெடா, பெர்லிஸ், பினாங்கு என்று மூன்று மாநிலங்களில் நாற்பதுக்கும் மேற்பட்டோரைப் பிடித்தது. அலோர் ஸ்டார் நீதிமன்றம் ஆகஸ்டில் அவருக்கு 5 மாதச் சிறையும் 12,000 ரிங்கிட் அபராதமும் விதித்தது. செய்தி முழுக்க அந்த ஒருவரைப் பற்றியே இருந்தது. கடையில் வேலை செய்தவர்களைப் பற்றி யாரும் அதிகம் பேசவில்லை. முதலாளி கடைக்கு வந்து நின்றால், வெளியே போங்கள் என்று சொல்லும் அதிகாரம் தட்டு கழுவுகிறவருக்கு உண்டா? ஓர் ஊரின் பெயரை நோயின் மேல் ஒட்டியதும் எனக்கு உடன்பாடில்லாத காரியம்.

மருத்துவமனைக்கு வருவோம். 2020 மார்ச்சில் அரசு அறிவித்த பரிவு உதவித் திட்டத்தில் மருத்துவர், தாதியர், மற்ற மருத்துவப் பணியாளர்களுக்கான சிறப்புப் படி மாதம் 400 ரிங்கிட்டிலிருந்து 600 ரிங்கிட்டாக உயர்ந்தது. போலீஸ், ராணுவம், சுங்கம், குடிநுழைவு, ரேலா தொண்டர்படை ஆகியோருக்கு மாதம் 200 ரிங்கிட். அரசு மருத்துவமனையைக் கூட்டித் துடைத்து, படுக்கை விரிப்பை அள்ளி, மருத்துவக் கழிவை எடுத்துப் போகிறவர்கள் அந்த அறிவிப்பில் பெயர் சொல்லப்படவில்லை. ஏன்? இந்த உதவிச் சேவைகள் 1990களிலேயே தனியாருக்குக் குத்தகைக்கு விடப்பட்டுவிட்டன. அந்தத் தொழிலாளர்கள் கெடா மருத்துவமனைகளில் 20 ஆண்டு வேலை செய்திருக்கலாம். ஆனாலும் அவர்கள் அரசாங்க ஊழியர் அல்லர்.

இந்தக் குத்தகை முறையின் விளைவு கொரோனாவுக்கு முன்பே இருந்தது. கொரோனா அதைக் கூர்மையாக்கியது. வேலைச் சட்டப்படி மருத்துவ விடுப்பு, வேலை செய்த ஆண்டைப் பொறுத்தது. 2 ஆண்டுக்குக் குறைவானால் ஆண்டுக்கு 14 நாள், 2 முதல் 5 ஆண்டு வரை 18 நாள், அதற்கு மேல் 22 நாள். குத்தகை மாறும்போதெல்லாம் புது நிறுவனம் அதே ஆளைப் புது ஆளாக எடுத்துக்கொள்கிறது. அதே மாடி, அதே வாளி, அதே துடைப்பம்; ஆனால் பணிக்காலம் பூச்சியத்திலிருந்து தொடங்குகிறது. இருபதாண்டு அனுபவமுள்ளவர் 14 நாள் விடுப்புக்குத் திரும்புகிறார். நோய் பரவும் காலத்தில் எட்டு நாள் விடுப்பு என்பது சிறிய வித்தியாசம் அல்ல. விடுப்பு தீர்ந்தவர் இருமலோடு வேலைக்கு வருவார். அவர் துடைக்கப் போவது நோயாளியின் அறை.

2020 ஜூன் 2 அன்று ஈப்போ ராஜா பெர்மைசூரி பைனுன் மருத்துவமனைக்கு வெளியே துப்புரவுத் தொழிலாளர் சங்கத்தினர் மறியல் செய்தார்கள். சங்கத்தவரைத் துன்புறுத்துகிறார்கள், பாதுகாப்புக் கருவிகள் போதவில்லை என்பது அவர்கள் குறை. ஐந்து பேர் கைது செய்யப்பட்டார்கள். கட்டுப்பாட்டு ஆணையை மீறினார்கள் என்பது குற்றச்சாட்டுகளில் ஒன்று. கெடாவும் பேராக்கும் மருத்துவமனைத் துப்புரவில் அப்போது ஒரே வட மண்டலக் குத்தகையைச் சேர்ந்திருந்தன. ஆகவே ஈப்போவில் கேட்ட குரல் அலோர் ஸ்டாரின் குரலும்தான். தொழிலாளியைக் காக்கப் பயன்பட வேண்டிய சட்டம், பாதுகாப்பு கேட்டவரைப் பிடிக்கப் பயன்பட்டதை என்னால் ஏற்க முடியவில்லை.

மருத்துவர்களிடையேயும் இதே பிளவு இருந்தது. 2016இன் கடைசியில் வந்த ஒப்பந்த நியமன முறையால் இளம் மருத்துவர்கள் நிரந்தரமின்றி வேலை பார்த்தார்கள். 2021 ஜூலை 26 அன்று அவர்கள் நாடு முழுவதும் மருத்துவமனைகளிலிருந்து வெளிநடப்புச் செய்தார்கள். டெல்டா அலையின் நடுவில் நடந்தது அது. ஒரு மாதம் கழித்து, ஆகஸ்ட் 26 அன்று, நாட்டின் ஒரு நாள் தொற்று 24,599ஐத் தொட்டது. கெடா மருத்துவமனைகளும் அந்த மாதத்தில் திணறின.

காவலாளிகளைப் பற்றியும் சொல்ல வேண்டும். வங்கி, பேரங்காடி, குடியிருப்பு வாசல்களில் நின்று, வருகிறவர் ஒவ்வொருவரின் நெற்றிக்கும் வெப்பமானி காட்டியவர்கள் அவர்கள். ஒரு நாளில் எத்தனை நூறு முகங்களுக்கு அருகே நின்றார்கள்! பலர் அறுபதைத் தாண்டியவர்கள், சர்க்கரையும் ரத்த அழுத்தமும் உள்ளவர்கள். நோயின் கணக்கில் மிக எளிதில் சாகக்கூடிய ஆளை நோய் நுழையும் வாசலில் நிறுத்தியிருந்தோம்.

சட்டத்தில் இருப்பவை

இனி, நடைமுறையில் ஒரு தொழிலாளி எதைப் பிடித்துக்கொள்ளலாம் என்பதைச் சொல்கிறேன்.

முதலில் சொக்சோ எனப்படும் சமூகப் பாதுகாப்பு நிறுவனம். 1969ஆம் ஆண்டின் சமூகப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் வேலையால் வரும் நோய்க்கும் இழப்பீடு உண்டு. கொரோனா வேலையிடத்தில்தான் தொற்றியது என்று காட்ட முடிந்தால் அதுவும் இதில் அடங்கும். மருத்துவர் தரும் விடுப்பு 4 நாளுக்குக் குறையாமல் இருந்தால், அந்த நாட்களுக்குத் தினச் சம்பளத்தில் 80 விழுக்காடு கிடைக்கும். தொழிலாளி இறந்தால் குடும்பத்துக்குச் சார்ந்தோர் உதவித்தொகை உண்டு. விபத்தையோ நோயையோ அறிந்த 48 மணி நேரத்துக்குள் முதலாளி சொக்சோவுக்குத் தெரிவிக்க வேண்டும். வீட்டிலிருந்து வேலைக்குப் போகும் வழியில் நேரும் விபத்தும் சேர்த்தி. இருட்டில் மோட்டார் சைக்கிளில் பால் வெட்டப் போகிறவர்களுக்கு இது மிக முக்கியம். 2019 ஜனவரி முதல் வெளிநாட்டுத் தொழிலாளிக்கும் வேலை விபத்துக் காப்பு உண்டு. சொந்தத் தொழில் செய்கிறவர்களுக்கு 2017ஆம் ஆண்டின் தனிச் சட்டம் இருக்கிறது. டாக்சி ஓட்டுநர்களோடு தொடங்கிய அந்தத் திட்டம் 2020இல் விவசாயம், சிறு வியாபாரம், உணவுத் துறை என்று விரிந்தது. ஆனால் அவர்களே போய்ப் பதிந்து சந்தா கட்ட வேண்டும்.

வேலையிடத்தில்தான் தொற்றியது என்று காட்டுவதற்குத் தாள் வேண்டும். பரிசோதனை முடிவு, தனிமைப்படுத்தும் ஆணை, அந்த நாட்களின் வருகைப் பதிவு, கூட வேலை செய்தவர்களுக்கும் தொற்றியிருந்தால் அந்த விவரம். இவற்றைப் படமெடுத்துக் கைத்தொலைபேசியில் வைத்திருப்பவருக்கு வேலை எளிது.

அடுத்தது சம்பளம். கட்டுப்பாட்டு ஆணைக் காலத்தில் முழுச் சம்பளம் தர வேண்டும், கட்டாய விடுப்பில் அனுப்பக் கூடாது என்று மனிதவள அமைச்சு வழிகாட்டியது. தனிமைப்படுத்தப்பட்டவருக்குச் சம்பளத்தோடு விடுப்பு தரும்படியும் சொன்னது. வழிகாட்டுதல் என்பது சட்டத்தின் வலிமை உள்ளதல்ல. 2020இல் நகராட்சி எல்லைகளுக்கு வெளியே குறைந்தபட்சச் சம்பளம் மாதம் 1,100 ரிங்கிட், அதாவது வாரம் ஆறு நாள் வேலைக்கு நாளொன்றுக்கு 42 ரிங்கிட் 31 சென். 14 நாள் தனிமையில் 12 வேலை நாள் போனால் 500 ரிங்கிட்டுக்கு மேல் இழப்பு. மாதச் சம்பளத்தில் ஏறத்தாழப் பாதி. இந்த இழப்பை ஈடுகட்டாமல், அறிகுறி இருந்தால் மறைக்காதீர்கள் என்று அறிவுரை சொல்வதில் என்ன நியாயம்?

வீட்டைப் பற்றி 446ஆம் சட்டம் பேசுகிறது. 1990இல் தோட்டங்களுக்கும் சுரங்கங்களுக்குமாக வந்த சட்டம் அது. 2019இல் திருத்தப்பட்டு, 2020 ஜூன் 1 முதல் தொழிலாளருக்குத் தங்குமிடம் தரும் எல்லா முதலாளிகளுக்கும் பொருந்துகிறது. பொது விடுதியில் ஆளுக்கு 3 சதுர மீட்டர் படுக்கும் இடம், ஆளுக்கொரு கட்டில், மெத்தை, பூட்டுள்ள அலமாரி, 15 பேருக்கு ஒரு கழிவறையும் ஒரு குளியலறையும் என்று விதிகள் எழுதப்பட்டன. தொழிலாளர் இலாகாவின் சான்றிதழ் இல்லாமல் ஆளைத் தங்க வைத்தால் 50,000 ரிங்கிட் வரை அபராதம். தெராத்தாய் திரளுக்குப் பிறகே சோதனைகள் முடுக்கிவிடப்பட்டன. விதி முன்பே இருந்தது. கதவைத் தட்டிப் பார்க்க ஆள் வரத்தான் தாமதமாயிற்று.

இவற்றையெல்லாம்விட எனக்கு நம்பிக்கை தருவது, தொழிலிடப் பாதுகாப்பு, சுகாதாரச் சட்டத்தின் திருத்தம். 1994இல் வந்த அந்தச் சட்டம் 2022இல் திருத்தப்பட்டு 2024 ஜூன் 1 முதல் அமலில் இருக்கிறது. அதில் மூன்று செய்திகளைத் தொழிலாளி மனத்தில் வைக்க வேண்டும். உயிருக்கோ உடலுக்கோ உடனடி ஆபத்து என்று நம்பத் தக்க காரணம் இருந்து, முதலாளியிடம் சொல்லியும் அவர் நடவடிக்கை எடுக்காவிட்டால், தொழிலாளி அந்த இடத்தை விட்டு விலகலாம். அதற்காக அவரைப் பழிவாங்கக் கூடாது. ஐந்து பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில் பாதுகாப்புக்குப் பொறுப்பாக ஒருவரை நியமிக்க வேண்டும். மூன்றாவது, நான் தொடக்கத்தில் சொன்ன சம்பளச் சீட்டுக் கோளாறுக்கு மருந்து: வேலையைக் குத்தகைக்கு விடும் முதன்மை நிறுவனத்துக்கும், குத்தகையாளரின் ஆட்களைப் பாதுகாக்கும் கடமை உண்டு. இந்தக் கடமையைத் தோட்ட நிர்வாகமும் மருத்துவமனையும் தொழிற்சாலையும் இனி குத்தகையாளர் தலையில் கட்டிவிட்டு ஒதுங்க முடியாது.

சம்பள விஷயத்தில் இதற்கு ஒப்பான ஏற்பாடு 1955ஆம் ஆண்டின் வேலைச் சட்டத்திலேயே, 33ஆம் பிரிவில் இருக்கிறது. குத்தகையாளர் சம்பளம் தராவிட்டால் முதன்மை நிறுவனமும் மூன்று மாதச் சம்பளம் வரை பொறுப்பேற்க வேண்டும். ஆனால் 90 நாளுக்குள் தொழிலாளி நடவடிக்கையைத் தொடங்கியாக வேண்டும். தோட்டங்களில் இது பலருக்குத் தெரியாது. குத்தகையாளர் தொலைபேசியை எடுக்கவில்லை என்று காத்திருந்தே அந்த மூன்று மாதத்தை விட்டுவிடுகிறார்கள்.

குத்தகை ஆட்களையும் சேர்த்துக்கொள்வது முடியாத காரியமல்ல என்பதற்கு இந்தியாவில் ஒரு சான்று உண்டு. 2020 மார்ச்சில் இந்திய அரசு அறிவித்த 50 லட்ச ரூபாய்க் காப்பீடு மருத்துவர்களோடு நிற்கவில்லை. ஒப்பந்த ஊழியர், தினக்கூலி, வெளிநிறுவனங்கள் மூலம் எடுக்கப்பட்டவர் என்று பெயர் சொல்லியே சேர்த்தது. அந்தப் பணம் எல்லாக் குடும்பத்தின் கைக்கும் எளிதாகப் போய்ச் சேர்ந்தது என்று சொல்ல வரவில்லை. எழுத்தில் பெயர் இருந்தால்தான் கேட்கவாவது முடியும். சம்பளத்திலும் இந்தப் பாகுபாடு தெரிகிறது. உலகத் தொழிலாளர் அமைப்பு 2023இல் வெளியிட்ட அறிக்கையின்படி, இத்தகைய முக்கியத் தொழிலாளர்கள் மற்ற ஊழியர்களைவிடச் சராசரியாக 26 விழுக்காடு குறைவாகச் சம்பாதிக்கிறார்கள். அந்த இடைவெளியில் மூன்றில் இரண்டு பங்குக்கே கல்வி, அனுபவம் முதலியவை காரணம். எஞ்சியதை அந்தக் காரணங்களால் விளக்க முடியவில்லை.

கெடாவில் இருக்கும் வாசகர்களுக்கு ஒரு வேண்டுகோள். உங்கள் வீட்டிலோ பக்கத்து வீட்டிலோ துப்புரவு, காவல், தோட்டம், தொழிற்சாலை வேலைக்குப் போகிறவர் இருந்தால் இந்த வாரமே அவருடைய சம்பளச் சீட்டை வாங்கிப் பாருங்கள். முதலாளி என்று யார் பெயர் இருக்கிறது, சொக்சோ பிடித்தம் தவறாமல் இருக்கிறதா, வேலைக்குச் சேர்ந்த தேதி என்று எதைப் போட்டிருக்கிறார்கள் என்று கவனியுங்கள். பிடித்தம் இருந்தும் ஐயமாக இருந்தால் சொக்சோ அலுவலகத்தில் அடையாள அட்டை எண்ணைக் கொடுத்துச் சரிபாருங்கள். குறை இருந்தால் சுங்கை பட்டாணியிலோ அலோர் ஸ்டாரிலோ தொழிலாளர் இலாகாவுக்கு அவரோடு கூடப் போங்கள். தோட்டத்தில் இருப்பவர் தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கத்திலும் கேட்கலாம். தமிழோ மலாயோ படிக்கத் தெரியாத வெளிநாட்டுத் தொழிலாளி பக்கத்தில் இருந்தால் அவருடைய தாளையும் சேர்த்துப் பாருங்கள். நோய் வந்த பிறகு இவற்றைத் தேடினால் காலம் கடந்துவிடும்.